எழுத்தில் வராத கட்டளை

1959 ஏப்ரல் 7, செவ்வாய்

தபால் பை இன்று மத்தியானம் தாண்டித்தான் வந்து சேர்ந்தது. முல்லைத்தீவு பஸ் வழியில் மணலில் புதைந்து, ஏறியிருந்த சனமே இறங்கித் தள்ளியதாம். என்னவோ நான்தான் தள்ளச் சொன்னது போல, பையைத் தரும்போது நடத்துநர் முறைத்துக்கொண்டு நின்றார்.

செவ்வாயும் வெள்ளியும் எனக்குத் திருவிழா நாட்கள். எங்கள் வீட்டு முன்னறைதான் இந்தக் கரைக்குத் தபால் கந்தோர். தபாலதிபரும் நான், முத்திரை குத்துவதும் நான், கூட்டிப் பெருக்குவதும் நான். அதோடு வாசிப்பதும் நானே. இங்கே எழுத்துத் தெரிந்தவர்கள் குறைவு. பெயர் கூப்பிட்டு அவரவர் கையில் கடிதத்தைக் கொடுத்துவிட்டு, வாசலில் புளியமரத்தடியில் உட்கார்ந்து ஒவ்வொன்றாக வாசித்துக் காட்டுவேன். உடைப்பது மட்டும் அவர்கள்தான். அதில் நான் கண்டிப்பு. புனிதம் பல்லால் கடித்துக் கிழிப்பாள். அவள் புருசன் பேதுரு சம்மாட்டியார், கரைவலைச் சொந்தக்காரர், மீன் வெட்டும் கத்தியால் கீறுவார். றோஸ்மேரி கொண்டையூசியைக் கழற்றி, உறைக்கு நோகாமல் திறப்பாள். வெறும் உறைகளையும் ஒருவரும் எறிவதில்லை. மிளகாய் விதை, ஊசி, பாக்குத் துண்டு எல்லாம் அதற்குள் போகும்.

இன்று றோஸ்மேரிக்கு அவள் புருசன் லோறன்ஸிடமிருந்து வந்தது. அவன் பாம்பனில் தாய்மாமனுடைய வள்ளங்களைப் பார்க்கப் போய் ஒரு வருடமாகிறது. பாஸ்போட் எடுத்து, தலைமன்னார்க் கப்பலில் ஒழுங்காகப் போனவன். வாரம் தவறாமல் எழுதுவான். அவன் கடிதம் என்றால் முழுக் கரையும் கிட்ட வந்து நிற்கும். ஆடு குட்டி போட்டதா, கூரை ஒழுகுகிறதா என்று தொடங்கி, கடைசியில் "உன் முகத்தை நினைத்தால் சோறு இறங்குதில்லை" என்று முடித்திருந்தான். பெண்கள் போட்ட கூச்சலில் காகங்கள் பறந்துவிட்டன. "இன்னொருக்கா, இன்னொருக்கா" என்றார்கள். இன்னொரு தரம் வாசித்தேன். றோஸ்மேரி சேலைத் தலைப்பை வாயில் கடித்துக்கொண்டு மண்ணைப் பார்த்தாள்.

ஏப்ரல் 10, வெள்ளி

இப்போதும் கோபம் அடங்கவில்லை.

பை வரும் நேரத்துக்கு ஜீப் ஒன்று வந்து நின்றது. இறங்கியவர் கரையோரக் கண்காணிப்புப் பிரிவின் அதிகாரி என்றார். கொழும்பிலிருந்து வந்த தமிழர். வெயிலுக்குக் குடை பிடித்துக்கொண்டு உள்ளே வந்தவர், "இருக்கலாமோ?" என்றுகூடக் கேட்காமல் என் கதிரையில் இருந்தார். குடையை மடித்து எங்கே வைத்தார்? என் கடிதத் தராசின் மேல்! காற்பங்கு அவுன்சுக்கும் அசைகிற தராசு. தினமும் நான் துணியால் துடைத்து வைக்கிற தராசு.

விசயம் இதுதான். றோஸ்மேரிக்கு இந்தியாவிலிருந்து வரும் கடிதங்களை அவளுக்குக் கொடுக்குமுன் அவருடைய முகாமுக்கு அனுப்ப வேண்டும். அவர் திறந்து பார்த்துவிட்டு, ஒட்டித் திருப்பி அனுப்புவார். ஒருவருக்கும் மூச்சு விடக்கூடாது. லோறன்ஸ் கள்ளத்தோணியில் ஆள் ஏற்றுகிறான், வெளிநாட்டுக்குச் செய்தி கொடுக்கிறான் என்று சந்தேகமாம்.

"ஆர் சந்தேகப்படுகினம்?" என்றேன்.

"அது உங்களுக்குத் தேவையில்லாத கதை. இது நாட்டுப் பாதுகாப்பு."

"அப்ப எழுத்திலை தாங்கோ."

"எழுதிறதுக்கு இதிலை ஒண்டுமில்லை, மிஸிஸ் யோகநாதன். நான் சொல்லுறன், நீங்கள் செய்யிறியள்."

"ஒரு ரூபா மணியோடருக்கே நான் கையெழுத்து வாங்காமல் காசு குடுக்கிறேல்லை. நாட்டுப் பாதுகாப்பை வாயாலை வாங்கவோ? முதல்லை உந்தக் குடையை எடுங்கோ!"

எடுத்தார். எடுத்துக்கொண்டு போயும் விட்டார்.

ஏப்ரல் 11, சனி

தராசு சரியாகத்தான் நிறுக்கிறது. பார்த்துவிட்டேன்.

ஏப்ரல் 15, புதன்

புதுவருசத்துக்கு அப்புத்துரை அண்ணர் வவுனியாவிலிருந்து வந்திருந்தார். அண்ணர் அங்கே புறக்டர், கோட்டில் வழக்குப் பேசுகிறவர். அவருக்கு முன்னால் வைத்து இவர் என்னைப் பற்றி முறைப்பாடு செய்தார். "இஞ்சேர், அவர் பெரிய அதிகாரி. உமக்கேன் இந்த வில்லங்கம்? கடிதத்தைக் குடுத்தால் உம்மடை கையிலை என்ன தேயப்போகுதோ?" என்று நாலு நாளாகக் கேட்டுக்கொண்டிருக்கிறார் என் மனிதர். மிசன் பள்ளிக்கூடத்தில் வாத்தியார். மேலிடத்திலிருந்து ஒரு துண்டு வந்தாலே நெஞ்சிடி வந்துவிடும்.

அண்ணர் பாயாசத்தைக் குடித்து முடித்துவிட்டுத்தான் வாய் திறந்தார். போன வருடம் அவசரகாலம் இருந்தது. அப்போது கடிதங்களைத் திறக்க, தணிக்கை செய்ய அவர்களுக்குத் தனி அதிகாரம் இருந்தது. பங்குனியோடு அவசரகாலம் நீங்கிவிட்டது. இனிமேல் சாதாரணச் சட்டம். அதன்படி, அதிகாரம் உள்ள மேலிடம் கையெழுத்திட்டுக் கட்டளை தராமல் ஒருவருடைய கடிதத்தை மறிக்கவோ, உடைக்கவோ, இன்னொருவரிடம் கொடுக்கவோ தபால்காரருக்கு உரிமையில்லை. செய்தால் குற்றவாளிக் கூண்டில் நிற்பது அந்தக் குடைக்காரர் அல்ல, நான்தான்.

"நீ சரியாய்த்தான் சொல்லியிருக்கிறாய், மலர். சட்டம் தெரிஞ்சுதானே சொன்னனீ?"

"இல்லை அண்ணை. அவர் தராசிலை குடையை வைச்சவர்."

அண்ணருக்குச் சிரித்துச் சிரித்துப் புரையேறிவிட்டது. இவர் மட்டும் சிரிக்கவில்லை. எனக்கோ புதுவருசத்துக்கு ஒரு கூறைச் சேலை கிடைத்தது போல இருந்தது. நான் பிடித்த பிடிவாதத்துக்கு ஒரு சட்டமே இருக்கிறதாம்!

ஏப்ரல் 24, வெள்ளி

குடைக்காரர் மறுபடி வந்தார். இந்த முறை "நீங்கள்" போய் "நீர்" ஆகிவிட்டது. நான் கதிரையில் இருந்தபடியே, எழும்பாமல் கேட்டேன்.

"சரி, உடைக்க வேண்டாம்," என்றார். "நீர் ஊருக்கே சத்தமாய் வாசிக்கிறீராம். அதிலை என்ன எழுதிக்கிடக்கெண்டு எனக்கும் வந்து சொல்லும். முழுக் கரைக்கும் தெரிஞ்சது எனக்கு மட்டும் இரகசியமோ?"

இது என்னைக் குத்திவிட்டது. நான் வாய்க்காரி என்று பெயரெடுத்தவள், அந்த வாய்தான் எப்படியோ கைகொடுத்தது.

"அப்ப வெள்ளிக்கிழமையிலை வந்து புளியமரத்தடியிலை இருங்கோ. றோஸ்மேரி உங்களைப் பாத்து ஓமெண்டால் நீங்களும் கேளுங்கோ."

"என்ன, மீன்காரப் பெண்டுகளோடை நான் மண்ணிலை குந்தவோ?"

"அவை குந்துகினம்தானே. கேக்கிறவை ஆரெண்டு அவளுக்குத் தெரியும். நீங்கள் அவளுக்குத் தெரியாமல் கேக்கப் பாக்கிறியள். எழுதித் தாங்கோ, ஐயா. எந்தச் சட்டம், எத்தினை நாளைக்கு, ஆற்றை கையெழுத்து? அது வந்தால் நான் ஏன் மறிக்கிறன்?"

"நீர் இந்தக் கதிரையிலை எத்தினை நாளைக்கு இருக்கிறீர் எண்டு பாப்பம்," என்று சொல்லிவிட்டுப் போனார்.

பார்ப்போம். நானும் பார்க்கத்தான் இருக்கிறேன்.

மே 5, செவ்வாய்

வந்துவிட்டது. தபால் அத்தியட்சகர் கந்தோரிலிருந்து. பொதுமக்களின் கடிதங்களை நான் கூட்டத்தில் வாசித்து, தபால் இரகசியத்தைக் காற்றில் விடுகிறேனாம். முறைப்பாடு கிடைத்திருக்கிறதாம். விசாரணை முடியும்வரை எவருடைய கடிதத்தையும் வாசிக்கக் கூடாது. குற்றம் நிரூபணமானால் பதவி பறிபோகும்.

பார், பார்! கடிதத்தைக் களவாய் உடைக்கக் கேட்டவன் நல்லவன். உடைக்கமாட்டன் எண்டவள் இரகசியத்தைக் காக்கத் தெரியாதவளாம்! எந்த நாட்டிலை உள்ள ஞாயம் இது? ஏழு வருசம் — ஒரு கடிதம் துலைஞ்சதோ? ஒரு முத்திரை குறைஞ்சதோ? காய்ச்சலோடையும் பை பிரிச்சனானே!

அழுதேன். அழுததை இங்கே எழுதிவைக்கிறேன். அந்த மனிதருக்கு முன்னால் அழமாட்டேன்.

இவர் கடிதத்தை வாங்கி இரண்டு தரம் வாசித்தார். "நான் அப்பவே சொன்னனான்" என்று சொல்வார் என்று எதிர்பார்த்துச் சண்டைக்கு ஆயத்தமாக நின்றேன். சொல்லவில்லை. குசினிக்குள் போய்த் தேத்தண்ணி ஊற்றிக்கொண்டு வந்தார். கலியாணம் கட்டி ஒன்பது வருடத்தில் முதல் தரம்.

மே 8, வெள்ளி

பெயர் கூப்பிட்டேன். கொடுத்தேன். "இனி நான் வாசிக்கேலாது" என்றேன். கடிதங்களைக் கையில் பிடித்தபடி பெண்கள் மரத்தடியில் அப்படியே நின்றார்கள்.

"ஆர் அவன் தடுக்கிறதுக்கு? என்ரை பிள்ளை எனக்கு எழுதினது, நான் தாறன், நீ வாசி!" என்று புனிதம் கத்தினாள். வாசிக்க வாய் துடித்தது. அடக்கிக்கொண்டேன்.

பள்ளிக்கூடம் விட்டு வந்த இவர், சைக்கிளைச் சாத்திவிட்டு, "நான் தபால் உத்தியோகத்தன் இல்லைத்தானே, என்னை ஒருத்தரும் மறிக்கேல்லையே" என்று சொல்லி மரத்தடியில் உட்கார்ந்தார்! என் கண்ணையே நம்ப முடியவில்லை. வாசிப்பு என்னவோ மூன்றாம் வகுப்புப் பாடம் ஒப்பிப்பது போலத்தான் இருந்தது. அழ வேண்டிய இடத்தில் ஒருவரும் அழவில்லை. ஆனாலும் வாசித்தார்.

றோஸ்மேரி மட்டும் லோறன்ஸின் கடிதத்தைச் சட்டைக்குள் வைத்துக்கொண்டு எழும்பினாள்.

"ஏன் பிள்ளை, மாஸ்ரரிட்டைக் குடுவன்."

"வேண்டாம் அக்கா. எனக்கு வெக்கம்."

"என்னட்டை வெக்கப்படேல்லையே இவ்வளவு நாளும்?"

அவள் சட்டைக்குள் இருந்த கடிதத்தை அழுத்திப் பிடித்தாள். பிறகு மெல்ல, "வெக்கப்பட்டனான்தான் அக்கா. வேற வழி இல்லையே" என்றாள்.

அவள் போய் வெகுநேரமாகியும் அந்தச் சொல் போகவில்லை.

மே 20, புதன்

றோஸ்மேரியிடம் உடைக்காத கடிதங்கள் சேர்ந்துகொண்டு போகின்றன. ஒன்றையும் திறக்கவில்லை. வேறு ஆளிடமும் கொடுக்கவில்லை. நேற்று இவரிடம் வந்து, "மாஸ்ரர், எனக்கு எழுத்துப் படிப்பிக்கேலுமோ?" என்று கேட்டிருக்கிறாள். இவர் பள்ளிக்கூடம் விட்ட பிறகு வகுப்பறையைத் திறந்துவிட்டார். துணைக்கு வந்த புனிதமும் சிலேற் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாளாம். பேரப்பிள்ளைகள் யன்னலால் எட்டிப் பார்த்துச் சிரித்ததற்கு, சிலேற்றால் ஒரு போடு போட்டிருக்கிறாள்.

வாசிக்கத்தான் தடை, எழுதிக்கொடுக்கத் தடை இல்லை. றோஸ்மேரி சொல்ல லோறன்ஸுக்கு ஒரு தபாலட்டை எழுதினேன். "நாங்கள் சுகம். உங்கள் கடிதங்கள் பத்திரமாக இருக்கின்றன. கொஞ்சம் பொறுங்கள்." ஏன் பொறுக்க வேண்டும் என்று அவள் சொல்லவில்லை.

ஜூன் 3, புதன்

விசாரணை வருகிற வெள்ளிக்கிழமை அல்ல, அதற்கடுத்த வெள்ளி. முல்லைத்தீவில். அண்ணர் எனக்காக வருகிறேன் என்றார். நானே கதைக்கிறேன் என்று சொல்லிவிட்டேன். ஏன் சொன்னேன்? எனக்கே விசரா?

ஜூன் 12, வெள்ளி

பயணக் களைப்பு உடம்பைப் போட்டு முறிக்கிறது. ஆனாலும் இதை எழுதாமல் படுக்கமாட்டேன்.

காலை பஸ்ஸில் ஏறப் போனால் அதற்குள் எங்கள் கரையே இருக்கிறது! பேதுரு சம்மாட்டியார் இன்று வலை வளைக்கவில்லை. மீன் படுகிற காலத்தில் ஒரு நாள் முழுக்க வலையைக் காயவிட்டு வந்திருந்தார். புனிதம், றோஸ்மேரி, இன்னும் பெண்கள் ஒரு படை. இவர் லீவு போட்டுவிட்டு வந்தார். லீவு! இந்த மனிதர்!

விசாரணை அதிகாரி கொழும்பிலிருந்து வந்தவர். ஒல்லாந்தர் வழிவந்த ஒரு பறங்கி ஐயா, வயதாளி. யாழ்ப்பாணத்தில் பிறந்து வளர்ந்தவராம், எங்களைப் போலவே கதைத்தார். ஒரு பக்கத்தில் குடைக்காரர், மடியில் குடையோடு.

முதலில் என் குற்றச்சாட்டு. வாசித்தேனா? வாசித்தேன். கூட்டத்திலா? ஓம். கடிதங்களைக் கொடுக்குமுன் நான் திறந்ததுண்டா? இல்லை. "அதுக்கு என்ன சாட்சி?" என்றார் குடைக்காரர். "அவ சொல்லுறதை மட்டும் வைச்சு எப்பிடி நம்புறது? உடைச்சுப் படிச்சுப்போட்டுத்தான் குடுக்கிறாவோ என்னவோ!"

இதற்கு என்ன சாட்சி காட்டுவது? உடைக்காததற்கு எவர் சாட்சி வைத்திருப்பார்? அண்ணரை வரவேண்டாம் என்று சொன்ன என் வாயை நானே திட்டிக்கொண்டேன்.

அந்த நேரம் புனிதம் எழும்பினாள். ஒருவரும் அவளைக் கூப்பிடவில்லை.

"உடைக்கிறது அவவோ? என்ரை பல்லைக் கேளுங்கோ ஐயா!" என்று இடுப்பிலிருந்து ஓர் உறையை இழுத்தாள். பாக்குத் துண்டுகளை மடியில் கொட்டிவிட்டு, வெறும் உறையை மேசையில் வைத்தாள். ஓரம் முழுக்கப் பல் பதிந்து, வெற்றிலைச் சிவப்பு ஏறி இருந்தது. "இது என்ரை மேற்பல்லு. இதிலை ஓட்டை விழுந்த இடம், பல்லில்லாத இடம். வேணுமெண்டால் இப்பவும் கடிச்சுக் காட்டுறன்."

பேதுரு சம்மாட்டியார் தூண்டில் சுற்றி வைத்திருந்த தன் உறையை நீட்டினார். கத்தி கீறிய நேர்க்கோடு, அதில் மீன் செதில் ஒட்டிக் காய்ந்திருந்தது. பிறகு ஒவ்வொருவராக. ஒருத்தி நகத்தால் பிய்த்திருந்தாள். ஒருத்தி விளக்கில் ஓரத்தைக் கருக்கித் திறந்திருந்தாள். மேசை நிறைந்துவிட்டது. அறை முழுக்கக் கருவாட்டு மணம். குடைக்காரர் லேஞ்சியை எடுத்து மூக்கில் வைத்தார்.

கடைசியாக றோஸ்மேரி. அவளுடைய பழைய உறைகளில் கொண்டையூசித் துளை வரிசையாகத் தெரிந்தது. அவற்றின் பக்கத்தில் உடைக்காத கடிதக் கட்டையும் வைத்தாள். "இது அவ வாசிக்கக் கூடாதெண்ட பிறகு வந்தது. இண்டைக்கும் வந்தபடிதான் கிடக்கு. அவவும் தொடேல்லை, நானும் தொடேல்லை."

பறங்கி ஐயா கண்ணாடியைப் போட்டு ஒவ்வொன்றாக எடுத்துப் பார்த்தார். புனிதத்தின் உறையைக் கொஞ்சம் தள்ளிப் பிடித்துத்தான் பார்த்தார். பிறகு குடைக்காரரின் பக்கம் திரும்பினார்.

"நீர் இந்தப் பிள்ளையின்ரை கடிதத்தைக் கேட்டனீரோ?"

"ஓம். பாதுகாப்புக் காரணம்."

"கட்டளை?"

"மேலிடம்."

"மேலிடத்துக்குப் பேர் இருக்குமே."

குடைக்காரர் மடியிலிருந்த குடையைத் திருப்பி வைத்தார்.

"எழுத்திலை?"

"அவசரகாலத்திலை அப்பிடித்தான் நடைமுறை."

"அவசரகாலம் எப்ப முடிஞ்சது?"

"பங்குனியிலை."

"நாடு வெளியிலை வந்திட்டுது. நீர்தான் இன்னும் அதுக்குள்ளை இருக்கிறீர்."

எங்கள் பக்கம் ஒரு முணுமுணுப்பு எழுந்தது. நான் திரும்பிப் பார்த்து அடக்கினேன். எனக்கே அடக்க முடியவில்லை, அது வேறு.

"சந்தேகத்துக்கு என்ன காரணம்?" என்று மறுபடி கேட்டார்.

"வாரத்துக்கு ஒரு கடிதம் வருது. ஒரு வள்ளக்காரன் பெண்சாதிக்கு வாரா வாரம் எழுத என்ன இருக்கு?"

றோஸ்மேரி எழும்பினாள். கரையில் நாலு பேருக்கு முன்னால் வாய் திறக்காத பிள்ளை. "என்ரை மனுசன் எனக்கு எழுதிறது குற்றமோ ஐயா?" என்றாள்.

"இல்லை மகள்," என்றார் பறங்கி ஐயா. "மாசத்துக்கு ஒண்டுகூட எழுதிறேல்லையெண்டு என்ரை மனுசிதான் என்னிலை குற்றம் சொல்லுறவ."

முடிவை அங்கேயே சொன்னார். நான் குற்றவாளி அல்ல. பதவியில் இருக்கலாம். எழுத்துமூலக் கட்டளை இல்லாமல் கடிதம் கேட்டது சட்டத்துக்குப் புறம்பு, அது பற்றித் தனியாக மேலே அறிக்கை போகும். நாட்டுப் பாதுகாப்பு முக்கியம்தான் என்றார். அதனால்தான் அதைச் செய்கிறவர் தன் பெயரை எழுதிக் கையெழுத்து வைக்க வேண்டும் என்றார். அதைக் கேட்டு எனக்கு எழும்பி நின்று கைதட்ட வேண்டும் போல இருந்தது.

பிறகு என்னைப் பார்த்து, "மிஸிஸ் யோகநாதன், எழுத்துத் தெரியாதவை கேட்டால் வாசிச்சுக் குடுங்கோ, பிழையில்லை. ஆனால் ஊரைக் கூட்டி வாசிக்காதேங்கோ. தனியக் கூப்பிட்டு, அவைக்கு மட்டும் வாசியுங்கோ" என்றார்.

சுட்டது. வெற்றியோடு வந்த சூடு. மறுத்துச் சொல்ல வாய் திறந்தேன். சேலைத் தலைப்பைக் கடித்துக்கொண்டு மண்ணைப் பார்த்த றோஸ்மேரி ஞாபகம் வந்தாள். "ஓம் ஐயா" என்றேன்.

ஜூன் 13, சனி

நேற்று எழுதாமல் விட்டது: பஸ் மறுபடி மணலில் புதைந்தது. எல்லோரும் இறங்கித் தள்ளினோம், நானும்தான். புனிதம் பாட்டுக் கட்டித் தள்ளினாள். குடையைப் பற்றி ஒரு வரி அதில் வந்தது. இங்கே எழுதமாட்டேன். இவர் அதைக் கேட்டு வாய்விட்டுச் சிரித்தார்.

இன்று விடியவே பேதுரு சம்மாட்டியார் ஒரு பெரிய பாரை மீனைக் கொண்டுவந்து வாசலில் வைத்தார். "ஒரு நாள் வலையை விட்டதுக்குக் கடல் ரெண்டு மடங்காய்த் தந்திட்டுது, தங்கச்சி." நான் சைவம் என்று ஏழு வருடமாக அவருக்குத் தெரியும். சந்தோசத்தில் மறந்துவிட்டார். இவர் மட்டும் அந்த மீனை ஒருவிதமாகப் பார்த்தார். "புனிதத்தின்ரை வீட்டிலை சமைச்சால் நான் ஒருக்கா அங்காலை போட்டு வரலாம்" என்றார்.

போகட்டும். இந்த வாரம் அவர் என்ன கேட்டாலும் சரி.

ஜூலை 7, செவ்வாய்

இன்றைய பையில் எங்கள் பகுதித் தபால் கந்தோர்கள் எல்லாவற்றுக்குமாக ஒரு சுற்றறிக்கை. ஒருவருடைய கடிதத்தை மறிக்கவோ திறக்கவோ வாய்மொழிக் கட்டளை செல்லாது. எழுத்தில் வரவேண்டும். யாருடைய கடிதம், எந்தச் சட்டம், என்ன காரணம், எத்தனை நாளைக்கு, யார் கையெழுத்து என்று எல்லாம் அதில் இருக்க வேண்டும். நாள் முடிந்தால் கட்டளையும் முடியும். ஒவ்வொன்றும் அத்தியட்சகருடைய பார்வைக்குப் போகும், காரணம் சரியா என்று அவர் பார்ப்பார்.

எந்தச் சட்டம், எத்தினை நாளைக்கு, ஆற்றை கையெழுத்து! நான் அன்றைக்குக் கோபத்தில் கேட்டதெல்லாம் வரிசையாக அச்சில் வந்திருக்கிறது! பறங்கி ஐயா என் வாக்குமூலத்தை வைத்து எழுதியிருப்பாரோ? இருக்கும். இல்லாவிட்டாலும் இருக்கும் என்றே வைத்துக்கொள்கிறேன். மாப்பசை காய்ச்சி, கவுண்டருக்கு நேரே சுவரில் ஒட்டினேன். கொஞ்சம் சரிவாகிவிட்டது. பரவாயில்லை, வாசிக்கலாம்.

வாசிப்பதை இப்போது முன்னறையின் மூலையில், ஒவ்வொருவராகக் கூப்பிட்டுத்தான் செய்கிறேன். பெண்களுக்குக் கோபம். ஆனால் ஒருத்தி போன வெள்ளி, மகன் எழுதிய ஒரு வரியைக் கேட்டுவிட்டு என் தோளில் சாய்ந்து அழுதாள். மரத்தடியில் என்றால் அழுதிருக்கமாட்டாள்.

றோஸ்மேரியைக் கூப்பிட்டேன். "கொஞ்சம் பொறுங்கோ அக்கா" என்று சொல்லி, வந்த கடிதத்தையும் கட்டோடு சேர்த்துக்கொண்டு போனாள்.

ஓகஸ்ட் 4, செவ்வாய்

குடைக்காரர் வந்தார். ஜீப்பில் அல்ல, நடந்து. குடையை வெளியே சுவரில் சாத்திவிட்டு, கவுண்டருக்கு அந்தப் பக்கம் மற்றவர்களோடு நின்றார். தன் முறை வந்ததும் ஒரு தடித்த கடிதத்தை நீட்டினார்.

"மிஸிஸ் யோகநாதன், எனக்கு எதிராய் விசாரணை போகுது. முகாமிலை போடுற கடிதமெல்லாத்தையும் என்ரை ஆக்களே திறந்து பாக்கினம் போல கிடக்கு. இது ஒருத்தற்றை கையும் படாமல் போய்ச் சேருமோ? நீங்கள் சொன்னால் நம்புவன்."

மறுபடி "நீங்கள்"!

சொல்லக் கூடியதெல்லாம் நாக்கில் வரிசையாக வந்து நின்றன. நாலு மாதமாகச் சேர்த்துவைத்தவை. கொஞ்சமா நஞ்சமா? ஆனால் அவர் முகத்தில் தூக்கமில்லாதது தெரிந்தது. சுவரைக் காட்டினேன். கவுண்டரில் கை ஊன்றி, சரிவாக ஒட்டியிருந்த அறிக்கையை அவரும் தலையைச் சரித்து முழுவதும் வாசித்தார்.

"எழுத்திலை கட்டளை வராமல் உங்கடை கடிதத்தையும் ஒருத்தரும் தொடேலாது," என்றேன். தராசில் வைத்தேன். "பாரம் கூட. இன்னொரு முத்திரை ஒட்ட வேணும்."

ஒட்டினார். யாருக்கு எழுதியிருந்தார் என்று எனக்குத் தெரியும். இங்கே எழுதமாட்டேன்.

வென்றேன் என்று ஜூனிலேயே நினைத்தேன். இல்லை, இன்றைக்குத்தான் வென்றேன்.

ஓகஸ்ட் 7, வெள்ளி

லோறன்ஸின் கடிதம் வந்தது. பெயர் கூப்பிட்டேன். பழக்கதோசத்தில் பெண்கள் எல்லோரும் காதைத் தீட்டிக்கொண்டு கிட்ட வந்தார்கள். நானும் மூக்குக்கண்ணாடியைத் துடைத்துப் போட்டேன்.

"வேண்டாம் அக்கா. இனி நானே வாசிப்பன்," என்றாள் றோஸ்மேரி.

பழைய கடிதக் கட்டையும் கொண்டுவந்திருந்தாள். கரையில் ஏற்றிவைத்திருந்த வள்ளத்தின் நிழலில் போய் உட்கார்ந்தாள். கொண்டையூசியைக் கழற்றினாள். வைகாசியில் வந்ததிலிருந்து தொடங்கினாள். கந்தோர் யன்னலால் எனக்கு நன்றாகத் தெரிந்தது. விரலை வைத்து, உதட்டை அசைத்து, எழுத்தெழுத்தாகப் போனாள். ஒரு இடத்தில் சிரித்தாள். ஒரு இடத்தில் விரல் திரும்ப வரியின் தொடக்கத்துக்குப் போயிற்று. இன்னொரு தரம் வாசித்தாள். கேட்கச் சொல்லி ஒருவரும் கத்தவில்லை. தனக்காகத்தான் வாசித்தாள்.

"என்னவாம் எழுதிக்கிடக்கு?" என்று புனிதம் என் காதில் கேட்டாள்.

"எனக்கெப்பிடித் தெரியும்?"

"நீதானே போஸ்ற் மாஸ்ரர்!"

பள்ளிக்கூடம் விட்டு வந்த இவர் சைக்கிளைப் பிடித்தபடி அவளைப் பார்த்துக்கொண்டு நின்றார். கண் கலங்கியிருந்தது. தூசி விழுந்துவிட்டதாம்.

பொழுது சாயும் நேரம் றோஸ்மேரி வந்து, தானே எழுதிய கடிதத்தை நீட்டினாள். விலாசத்தில் எழுத்துகள் ஒன்றின்மேல் ஒன்று ஏறி நின்றன, "பாம்பன்" மட்டும் தெளிவாக இருந்தது. உறையை நன்றாக ஒட்டியிருந்தாள். அழுத்தி அழுத்தி ஒட்டிய விரல் அடையாளம் தெரிந்தது. "என்னடி எழுதினவன், என்னடி எழுதினனீ?" என்று கேட்க நுனிநாக்குவரை வந்தது. முத்திரையைக் குத்திப் பையில் போட்டேன்.

லோறன்ஸ் என்ன எழுதியிருக்கிறான் என்று இன்று இந்தக் கரையில் ஒருவருக்கும் தெரியாது. எனக்கும் தெரியாது.